கனாக்கர்

மில்லில் வேலைக்குச் சேர்ந்த முதல் நாள், ஸ்டோர் மேஸ்திரி ஒரு சீட்டை என் கையில் கொடுத்து, "இதைக் கனாக்கர்ட்ட குடுத்துட்டு வாங்க" என்றார். நான் அதைக் கணக்கர் என்று கேட்டுக்கொண்டேன். ஆபீஸுக்குப் போய் மேசை மேசையாகக் கணக்கரைத் தேடினேன். அங்கிருந்த ஒரு பெரியவர் மூக்குக் கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்து, "புதுசா? பாய்லர் ரூமுக்குப் போங்க தம்பி" என்றார்.

பாய்லர் ரூமில், முழங்கால் வரை சுருட்டிய காக்கிக் கால்சட்டையும் தலையில் ஈரத் துண்டுமாக ஒருவர் கரி தள்ளிக்கொண்டிருந்தார். நாற்பது வயது இருக்கும். கை, மார்பு, கழுத்து எல்லாம் கரி. சீட்டை வாங்கினார். பார்க்கவில்லை. என்னைத்தான் பார்த்தார்.

"உங்க பேரு?"

"ஸ்டோர் கிளார்க்."

"அது வேலை. பேரைக் கேட்டேன்."

"வேலுச்சாமி."

"சரி, வேலுச்சாமி சார். ரெண்டு மணிக்குக் கரி வேணும்னு சொல்லுங்க" என்று அடுப்பின் பக்கம் திரும்பிக்கொண்டார்.

எனக்குப் பிடிக்கவில்லை. மற்ற ஆட்கள் எல்லாம் 'ஸ்டோர் ஐயா' என்றுதான் கூப்பிட்டார்கள். கரி தள்ளுகிற ஆள் என் பெயரைக் கேட்டு வாங்கி, அதை வாயில் போட்டுக்கொண்டது எனக்கு ஒரு மாதிரி இருந்தது. எனக்கு அப்போது இருபத்திரண்டு வயது. உசிலம்பட்டிப் பக்கம் நஞ்சையும் புஞ்சையுமாக நிலம் வைத்திருந்த வீடு எங்களுடையது. அவருடைய ஊர் எங்கள் ஊருக்கு மூன்று மைல் மேற்கே என்று பிறகு தெரிந்தது. அவர் அந்த ஊரின் எந்தத் தெருவைச் சேர்ந்தவர் என்பதும் தெரிந்தது. அந்தக் காலத்தில் இந்த இரண்டையும் தெரிந்துகொள்ள யாருக்கும் அரை நாளுக்கு மேல் ஆகாது.

அவரோடு எட்டு ஒன்பது வருஷம் ஒரே மில்லில் வேலை பார்த்தேன். இப்போது எனக்கு எழுபது தாண்டிவிட்டது. திருநகரில் மகன் வீட்டில் இருக்கிறேன். அவரைப் பற்றி எழுத வேண்டும் என்று பலமுறை உட்கார்ந்து, அலுப்பாகி எழுந்துவிட்டிருக்கிறேன். அவரும் அலுப்பான மனிதர்தான். அவரோடு பழகுவதே ஒரு அலுப்பு. ஒருவரைக்கூட அவர் முன்னால் சும்மா கூப்பிட்டுவிட முடியாது.

மில்லில் எல்லாருக்கும் ஒரு அடைமொழி இருந்தது. நொண்டி, மாறுகண், மேலூரான், இன்ன சாதிக்காரன், இன்ன பாஷைக்காரன். பட்டுநூல் நெசவுக் குடும்பங்களிலிருந்து வந்து எங்களோடு வேலை செய்தவர்களை அவர்கள் காது படவே ஒரு பேர் சொல்லிக் கூப்பிடுவோம். அவர்கள் சிரித்துக்கொள்வார்கள். சிரித்தார்கள் என்பதால் அவர்களுக்கு வலிக்கவில்லை என்று நாங்கள் நினைத்துக்கொண்டோம். தெருப் பெயரையும் சாதிப் பெயரையும் சொல்லித்தான் கரி மூட்டை தூக்குகிறவர்களைக் கூப்பிடுவது. பாய்லர் ரூமுக்குள் மட்டும் அது நடக்காது.

"ஏ, இங்க வா" என்று அடைமொழியோடு யாராவது கூப்பிட்டால், அவர் கரி அள்ளும் சவுளை ஊன்றிக்கொண்டு நின்றுவிடுவார். "அந்த ஆளுக்குப் பேரு இல்லையா?" என்பார். கேட்டவர் பேர் சொல்லும்வரை சவுள் அசையாது. கேஜ் முள்ளில் ஸ்டீம் இறங்கிக்கொண்டே இருக்கும். என்ஜின் வேகம் குறையும். மேலே தறிக்கூடத்திலிருந்து சத்தம் வரும். கடைசியில் பேர் சொல்லித்தான் ஆக வேண்டும். இதற்காக அவர் இரண்டு முறை சம்பளம் பிடித்தம் வாங்கியிருக்கிறார். ஆனால் அவரைப் போலக் கரியை அளந்து போட்டு ஸ்டீம் பிடிக்க ஆள் இல்லாததால் வேலையை விட்டு நிறுத்தவில்லை.

அவரை மட்டும் எல்லாரும் கனாக்கர் என்றார்கள். அந்தப் பேரை அவருக்கு யாரும் வைக்கவில்லை. அவரே கேட்டு வாங்கிக்கொண்டது. அதன் கதையை அவரே ஒரு மத்தியானம், சாப்பாட்டு நேரத்தில், கரிக் குவியல் மேல் உட்கார்ந்து சொன்னார்.

முதல் ஜெர்மன் சண்டைக்கு இரண்டு வருஷம் முன்னால், ஊரில் ஏதோ அடி வாங்கி, ராத்திரியோடு ராத்திரியாகக் கிளம்பித் தூத்துக்குடி போனார். அங்கிருந்து கொழும்பு. கொழும்பில் ஒரு ஜெர்மன் சரக்குக் கப்பலில் கரி அள்ளுகிற வேலை கிடைத்தது. தென்கடல் தீவுகளுக்குப் போய்க் கொப்பரை ஏற்றி வருகிற கப்பல். அதில் அந்தத் தீவுக்காரர்களும் வேலை செய்தார்கள். கறுப்பாக, மலை மாதிரி உடம்பு. அவர்கள் தங்களைக் 'கனாக்கா' என்று சொல்லிக்கொள்வார்களாம்.

"அப்படின்னா என்ன?" என்று கேட்டேன்.

"மனுசன்."

"அவ்வளவுதானா?"

"அம்புட்டுத்தான். வேற என்ன வேணும்?" என்றார்.

ஒரு தடவை நடுக்கடலில் புயலில் கரி அறைக்குள் தீப்பிடித்தது. ஜெர்மன்காரர் ஒருவர் உள்ளே மாட்டிக்கொண்டார். இவரும் ஒரு தீவுக்காரரும் உள்ளே போய் அவரை இழுத்து வந்தார்கள். மறுநாள் சாப்பாட்டுக்கு உட்காரும்போது கப்பலின் தலைமை ஃபயர்மேன், தாடிக்காரக் கிழவர், இவரைத் தன் பக்கத்தில் உட்காரவைத்துத் தோளில் கைபோட்டு, சுற்றி இருந்தவர்களிடம் சொன்னாராம்: "கனாக்கெர்." மேசையைத் தட்டி எல்லாரும் அதைத் திருப்பிச் சொன்னார்களாம்.

"நல்ல கூட்டாளிய அந்த மாலுமிக அப்படித்தான் சொல்லுவாக. எனக்கு அப்ப இருவது வயசு. ஊர்ல என்னைய என்ன சொல்லிக் கூப்பிட்டாகன்னு உங்களுக்குத் தெரியும். நான் திருப்பிச் சொல்ல மாட்டேன். முத முதல்ல ஒருத்தன் என்னைய மனுசன்னு சொன்னது நடுக்கடல்ல" என்றார்.

சண்டை வந்ததும் கப்பல் ஏதோ டச்சுக்காரர் துறைமுகத்தில் முடங்கிவிட்டது. அங்கும் இங்கும் அலைந்து மதுரைக்கு வந்து சேர அவருக்கு மூன்று வருஷம் ஆயிற்று. ஊருக்குப் போகவில்லை. ஆரப்பாளையத்தில் ஒரு அறை பிடித்தார். கல்யாணம் செய்தார். பெண் குழந்தை பிறந்ததும் கனகா என்று பேர் வைத்தார். கேட்டவர்கள் எல்லாம் தங்கம் என்று நினைத்துக்கொண்டார்கள்.

"தங்கம்னு வைக்கலை சார். மனுசின்னு வச்சேன்" என்று என்னிடம் சொன்னார். அவர் சிரித்து நான் பார்த்தது அபூர்வம். அன்று சிரித்தார்.

அந்த வார்த்தையை அவர் எல்லாருக்கும் கொடுத்துவிட மாட்டார். ஒருமுறை ஸ்டீம் குழாயின் இணைப்பு விட்டு, கொதிக்கும் ஆவி பீய்ச்சியடித்தது. பிட்டர் ஒருவர் வெந்துபோய் விழுந்தார். ஆம்பிளைகள் எல்லாம் வாசலுக்கு ஓடினோம். கழிவுப் பஞ்சு பொறுக்குகிற மாயக்கா என்ற பெண், முந்தானையைக் கையில் சுற்றிக்கொண்டு போய் வால்வைத் திருகி மூடினாள். அவள் கையில் ஒரு மாதம் கட்டு இருந்தது. கட்டோடு வேலைக்கு வந்த அன்று இவர் அவள் முன்னால் போய் நின்று, "நீ கனாக்கரு" என்றார்.

"கணக்கும் வேணாம் வழக்கும் வேணாம். போய் வேலையப் பாருய்யா" என்றாள் அவள்.

அதிலும் அவருக்குச் சந்தோஷம்தான். எனக்குத்தான் சங்கடமாக இருந்தது. ஓடியவர்களில் நான் முதல் ஆள். ஆனாலும் என்றைக்காவது அந்த வார்த்தை எனக்கும் கிடைக்கும் என்று ஒரு நப்பாசை இருந்தது. வருஷங்கள் போயின. கிடைக்கவில்லை. ஒரு பஞ்சு பொறுக்குகிறவளுக்குக் கிடைத்தது எனக்குக் கிடைக்கவில்லையே என்று நினைத்தேன். அப்படித்தான் நினைத்தேன், மறைக்க என்ன இருக்கிறது.

இரண்டாவது சண்டைக்கு ஒரு வருஷம் முன்னால் மில்லுக்குப் புதுப் பாய்லர் வந்தது. அதைப் பூட்டித் தர ஜெர்மனியிலிருந்து ஒரு பிட்டரும் வந்தார். பேர் கார்ல். முப்பது வயதுக்காரர். வெயிலில் தக்காளி போலச் சிவந்துபோவார். வருகிறார் என்று தெரிந்த நாள் முதல் நம் ஆளுக்கு இருப்புக் கொள்ளவில்லை. கரி தள்ளும்போது வாய்க்குள் ஏதோ சொல்லிப் பார்த்துக்கொள்வார். ஒரு வெள்ளைச் சட்டை தைத்துக்கொண்டார். பாய்லர் ரூமுக்கு வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு வந்த ஒரே மனிதர் அவராகத்தான் இருக்க வேண்டும்.

கார்ல் உள்ளே வந்ததும், மில்லின் இங்கிலீஷ்கார என்ஜினியர், நான், மேஸ்திரி எல்லாரும் நிற்க, இவர் முன்னால் போய் ஜெர்மன் பாஷையில் வணக்கம் சொன்னார். கார்லுக்கு ஆச்சரியம். கைகொடுத்து ஏதோ கேட்டார். இவர் தன் மார்பில் கையை வைத்து, "கனாக்கெர்" என்றார்.

கார்ல் சிரித்தார். கண்ணில் நீர் வரும்வரை சிரித்தார். என்ஜினியரிடம் ஏதோ சொல்ல, அவரும் சிரித்தார். இவரும் கூடச் சேர்ந்து சிரித்தார்.

அதற்குப் பிறகு தினமும் பாய்லர் கொட்டகையின் அந்தக் கோடியிலிருந்து "கனாக்கே!" என்று குரல் வரும். இவர் ஓடுவார். அதுவரை அவர் ஓடி நான் பார்த்ததில்லை. சூப்பிரண்டு கூப்பிட்டாலும் நடந்துதான் போவார். ஆனால் கொஞ்ச நாளில் ஒன்றைக் கவனித்தேன். கார்ல் மூட்டை தூக்குகிறவர்களையும் அதே வார்த்தையால் கூப்பிட்டார். போல்ட்டைத் தவறாக முறுக்கினவனையும் அப்படியே திட்டினார். உடைந்துபோன ஒரு வளையத்தைத் தூக்கி எறியும்போதும் அதையே சொன்னார்.

ஒரு நாள் ஸ்டோருக்குச் சாமான் வாங்க வந்த கார்லிடம் அரைகுறை இங்கிலீஷில் கேட்டேன்: "அந்த வார்த்தைக்கு என்ன அர்த்தம்?"

அவருக்கும் அரைகுறை இங்கிலீஷ்தான். "தென்கடல் தீவுகளில் இருக்கும் காட்டு மனிதர்கள். எங்கள் ஊரில், மூளை இல்லாதவன், அழுக்கன் என்று யாரையாவது திட்ட வேண்டும் என்றால் அப்படிச் சொல்வோம்" என்றார். பிறகு, "என் அப்பா மாலுமி. அந்தக் காலத்து மாலுமிகள் அதை வேறு மாதிரிச் சொன்னார்கள் என்று கேட்டிருக்கிறேன். இப்போது அப்படி யாரும் சொல்வதில்லை" என்றார். வாசலுக்குப் போனவர் திரும்பி, "அந்த ஆளிடம் சொல்லாதே. அவர் சந்தோஷமாக இருக்கிறார்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

நான் சொல்லவில்லை. நாலு மாதம் சொல்லவில்லை. ஆனால் அவர் 'கனாக்கே' என்ற குரலுக்கு ஓடும்போதெல்லாம் எனக்குள் ஒரு இளக்காரம் வந்துபோகும். எனக்குக் கிடைக்காத அந்தப் பட்டம் இவ்வளவுதானா என்று ஒரு நிம்மதி.

கோடை தொடங்கிய சமயம். ஸ்டோர் முற்றத்தில் கரி இறங்கிக்கொண்டிருந்தது. புதிதாக வந்த ஒரு சுமைக்காரர் மூட்டையை மாற்றி இறக்கிவிட்டார். நான் அவருடைய சாதியைச் சொல்லி, அதற்கு முன்னால் ஒரு வசவும் சேர்த்து, கத்தினேன். பாய்லர் ரூம் வாசலில் நின்ற இவர் இறங்கி வந்தார்.

"வேலுச்சாமி சார், அந்த ஆளு பேரைக் கேட்டுட்டுக் கூப்பிடுங்க."

"உங்க வேலையப் பாருங்க."

"கேளுங்க சார்."

இருபது பேர் நின்றார்கள். மூட்டையைத் தோளில் வைத்தபடியே நின்றார்கள். ஒருவன் சிரித்தது மாதிரி எனக்குப் பட்டது.

"பேரு, பேரு, பேரு! நீங்க மட்டும் என்னவாம்? அந்த வெள்ளைக்காரன் தெனம் உங்களை என்னன்னு கூப்பிடுறான்னு தெரியுமா? நாய் மாதிரி ஓடுறீங்களே!" என்றேன். பிறகு எல்லாவற்றையும் சொன்னேன். காட்டு மனிதன், மூளை இல்லாதவன், அழுக்கன். கார்லின் அப்பாவைப் பற்றி மட்டும் சொல்லவில்லை. மறந்துவிட்டேன் என்று வெகுநாள் எனக்கே சொல்லிக்கொண்டேன். மறக்கவில்லை.

அவர் என்னைப் பார்த்துக்கொண்டு நின்றார். கோபம் இல்லை. கணக்குத் தப்பாகிப்போன ஒருவர் எங்கே தவறினோம் என்று பின்னோக்கிப் போவதுபோல ஒரு முகம்.

"சரி" என்றார். உள்ளே போய்விட்டார். சுமைக்காரர் தானாகவே, யாரும் கேட்காமலே, "எம் பேரு முனியாண்டிங்க" என்றார். அவர் யாரிடம் சொன்னார் என்று தெரியவில்லை.

மறுநாள் காலை வேலை முடிந்ததும் ஸ்டோருக்கு வந்தார். குளித்திருந்தார். "என்கூட வாங்க. எனக்கு அம்புட்டு ஜெர்மன் தெரியாது. நான் கேக்குறதை அந்தத் தொரைட்ட இங்கிலீஷ்ல கேட்டுச் சொல்லணும்" என்றார். நான் மாட்டேன் என்று சொல்லியிருக்கலாம். போனேன்.

கார்ல் புதுப் பாய்லரின் நிழலில் உட்கார்ந்து ரொட்டி தின்றுகொண்டிருந்தார்.

"இருவத்தேழு வருசத்துக்கு முந்தி, ஒரு கப்பல்ல, ஒரு வயசான ஃபயர்மேன் என்னைய அந்தப் பேரு சொன்னாரு. அவரு என்ன நெனச்சுச் சொல்லியிருப்பாரு? கேளுங்க."

கேட்டேன். கார்லின் முகம் இன்னும் சிவந்தது. என்னை ஒரு பார்வை பார்த்தார். "எனக்கு எப்படித் தெரியும்? அவர் எப்படிச் சொன்னார்?" என்றார்.

"தோள்ல கைபோட்டுச் சொன்னாரு. மேசையத் தட்டிச் சொன்னாரு. எல்லாரும் சிரிச்சாக" என்றார் இவர். எல்லாரும் சிரித்தார்கள் என்பதை அதுவரை அவர் எங்களிடம் சொன்னதே இல்லை.

கார்ல் ரொட்டியைக் கீழே வைத்தார். "அப்படியென்றால் நல்லபடியாகத்தான் சொல்லியிருப்பார். என் அப்பாவும் தன் கூட்டாளிகளை அப்படிச் சொல்வார்" என்றார். அவர் சொன்னது உண்மையா, ஆறுதலா என்று என்னால் கண்டுபிடிக்க முடியவில்லை. நான் அப்படியே மொழிபெயர்த்தேன். இவர் தலையாட்டினார்.

"சரி. நீங்க எப்படிச் சொல்லுறீகன்னு கேளுங்க."

இதை நான் மொழிபெயர்க்க வேண்டிய அவசியமே இருக்கவில்லை. கார்ல் எழுந்து நின்றார். தொப்பியை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார். பிறகு என்னிடம், "இவருடைய பெயர் என்ன?" என்று கேட்டார்.

எனக்குத் தெரியவில்லை. ஏழு வருஷம் ஒன்றாக வேலை செய்திருக்கிறேன். மில்லில் எல்லாருடைய பேரையும் எங்களைக் கேட்கவைத்தவரின் பேரை ஒருவர்கூடக் கேட்டதில்லை.

அவரே சொன்னார். அம்மா அப்பா வைத்த பேர். கார்ல் அதைச் சொல்லிப் பார்த்தார். நாக்கு புரளவில்லை. மறுபடி சொன்னார். அப்புறம் மில்லில் இருந்த நாள் வரைக்கும் அந்தப் பேரைச் சிதைத்துச் சிதைத்துக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். இவர் ஓடாமல் நடந்து போவார். அந்தப் பேரை நான் இங்கே எழுதவில்லை. கேட்டவர்களுக்கு அவர் தன் வாயால் சொன்னது அது. நான் கேட்கவில்லை.

அதோடு விஷயம் முடிந்திருக்கலாம். முடியவில்லை. அவர் மாறிப்போனார். அந்த வார்த்தையை யாருக்கும் கொடுப்பதை நிறுத்தினார். யாராவது அடைமொழி சொல்லிக் கூப்பிட்டால் இப்போதும் சவுளை ஊன்றி நிற்பார். ஆனால் முன்பு போலக் குரலில் பிடிமானம் இல்லை. கொஞ்ச நேரம் நின்றுவிட்டு, தானாகவே வேலையைத் தொடங்கிவிடுவார்.

ஒரு மத்தியானம் கனகா ஸ்டோர் வாசலில் வந்து நின்றாள். பதினேழு வயது. மில்லில் நூல் சுற்றும் பிரிவில் சேர்ந்து ஒரு வருஷம் ஆகியிருந்தது.

"அண்ணே, அப்பா என் பேரைச் சொல்ல மாட்டேங்குறாரு. ரெண்டு மாசமாச்சு. 'இந்தா', 'ஏத்தா'ன்னே கூப்பிடுறாரு. அம்மா கேட்டா ஒண்ணுமில்லங்குறாரு. உங்களுக்கு என்னமோ தெரியும்னு மாயக்கா சொல்லுச்சு."

சொன்னேன். இந்த முறை கார்லின் அப்பாவையும் சேர்த்துச் சொன்னேன். அவள் நூல் ஒட்டிய கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டே கேட்டாள்.

"இம்புட்டுத்தானா?" என்றாள். "கப்பல்ல எவனோ என்னமோ சொன்னதுக்கு எம் பேரு என்ன செஞ்சுச்சு?" அவள் கண்ணில் நீர் இருந்தது. ஆனால் அது கோபம்.

அன்று சாயங்காலம் வீட்டில் என்ன நடந்தது என்பதை அவள்தான் பிறகு சொன்னாள். அப்பா முன்னால் உட்கார்ந்து, "நான் பொறந்தப்ப என்ன நெனச்சு இந்தப் பேரை வச்சீங்க?" என்று கேட்டிருக்கிறாள். மனுசி என்று நினைத்துத்தான் என்று அவர் சொல்லியிருக்கிறார். "இப்ப நான் அதுதானே? வேற எதுவும் ஆயிட்டனா?" என்றாளாம். சாப்பிட்டுக் கை கழுவினாராம். பாயை விரிக்கிறபோது, "கனகா, வெளக்கைச் சின்னதாக்கு" என்றாராம். அவ்வளவுதான் நடந்தது. அதைச் சொல்லும்போது அந்தப் பெண் சிரித்துக்கொண்டே அழுதாள்.

சண்டை தொடங்கிய செய்தி வந்த சில நாளில், முற்பகல் பத்து மணி இருக்கும், போலீஸ் லாரி ஒன்று மில்லுக்குள் வந்தது. இந்தியாவில் இருந்த ஜெர்மன்காரர்களை எல்லாம் பிடித்து முகாமில் அடைத்துக்கொண்டிருந்தார்கள். கார்ல் பாய்லர் ரூமிலிருந்து வெளியே வந்தார். கையில் கிரீஸ். கழுவக்கூட விடவில்லை. வேலையை விட்டுவிட்டு எல்லாரும் முற்றத்தில் கூடிவிட்டார்கள். கூட்டத்திலிருந்து எவனோ, "எம்டன் போறான்டா!" என்று கத்தினான். போன சண்டையில் மெட்ராஸில் குண்டு போட்ட கப்பலின் பேர் அது. சிரிப்பு எழுந்தது. ஒரு வருஷமாகக் கார்லோடு தினமும் டீ குடித்த வெள்ளைக்கார என்ஜினியர், மாடிப்படியில் நின்றுகொண்டு, அவர் காதில் விழும்படி, "ஹன்" என்றார். ஏதோ பழங்காலத்துக் கொள்ளைக் கூட்டத்தின் பேராம். இங்கிலீஷ்காரர்கள் ஜெர்மன்காரர்களை வைவதற்கு வைத்திருந்தது. கார்ல் நிமிர்ந்து பார்த்தார். தன்னைத்தான் சொல்கிறார் என்று புரிய அவருக்குக் கொஞ்ச நேரம் ஆயிற்று.

அப்போது நம் ஆள் பாய்லர் ரூமிலிருந்து கார்லின் இரும்புப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்தார். கூட்டத்தைப் பிளந்துகொண்டு லாரி வரை நடந்தார். பெட்டியைப் போலீஸ்காரர் காலடியில் வைத்தார். "கார்ல்" என்றார். தொரை இல்லை, சார் இல்லை. கரி தள்ளுகிறவர் ஒரு வெள்ளைக்காரரை எல்லாருக்கும் முன்னால் வெறும் பேர் சொல்லிக் கூப்பிட்டார். "கார்ல், போயிட்டு வாங்க."

லாரியில் ஏறிய கார்ல் ஏதோ சொன்னார். என்ஜின் சத்தத்தில் கேட்கவில்லை.

அடுத்த நாள் போலீஸ் இவரையும் கூட்டிக்கொண்டு போயிற்று. ஜெர்மன் பாஷை தெரிந்தவர், ஜெர்மன் கப்பலில் இருந்தவர் என்று என்ஜினியர் எழுதிக் கொடுத்திருந்தார். மூன்றாம் நாள் திரும்பி வந்தார். இடது காது சரியாகக் கேட்கவில்லை. பாய்லர் ரூமில் இனி விட முடியாது என்று சொல்லிச் சாம்பல் அள்ளுகிற வேலைக்குப் போட்டார்கள். மில்லில் இப்போது யாரும் அவரைக் கனாக்கர் என்று சொல்லவில்லை. 'ஜெர்மன்காரன்' என்றார்கள். முதலில் ரகசியமாக. பிறகு சத்தமாக. அவர் அதற்குத் திரும்பிப் பார்க்கவில்லை. அந்தக் காது கேட்காததாலா என்று தெரியாது.

கனகா கல்யாணமாகி ஒத்தக்கடைப் பக்கம் போனாள். இவர் மனைவி காய்ச்சலில் இறந்துபோனாள். சாம்பல் தூசி அவர் நெஞ்சில் இறங்கிவிட்டது. சண்டை முடிகிற சமயத்தில், ஒரு சின்ன தரும ஆஸ்பத்திரியில் படுத்திருக்கிறார் என்று முனியாண்டி வந்து சொன்னார். அந்தச் சுமைக்காரரேதான். இவரை அங்கே தூக்கிக்கொண்டு போய்ச் சேர்த்ததும் அவர்தான்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் போனேன். தரையில் பாய் விரித்துப் படுத்திருந்தார். விலா எலும்புகளை எண்ணலாம் போல இருந்தது. வார்டில் நாற்பது நோயாளிகளுக்கு ஒரே ஒரு வேலையாள் ஓடிக்கொண்டிருந்தார். "ஏ கெழவா, காலை மடக்கு" என்று இவரைத் தாண்டிப் போனார். இவர் காலை மடக்கிக்கொண்டார்.

எனக்குப் பொறுக்கவில்லை. "அவருக்குப் பேரு இல்லையா?" என்று கத்தினேன். என் வாயிலிருந்து அது வந்தது எனக்கே வியப்பாக இருந்தது.

"விடுங்க வேலுச்சாமி சார்" என்றார் அவர். குரல் காற்றாக வந்தது. "காலையிலருந்து அந்த மனுசன் உக்காரலை. பேரு சின்னையா. மேலூர்ப் பக்கம். அவரும் அலுத்துப்போயிட்டாரு."

நான் அவர் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தேன். ஸ்டோர் முற்றத்தில் அன்று சொன்னதற்கு மன்னிப்புக் கேட்கத்தான் போயிருந்தேன். கேட்டேன். எப்படிக் கேட்டேன் என்று நினைவில்லை.

"நீங்க பொய் சொல்லலையே" என்றார்.

பிறகு இருமல் வந்தது. நிற்கவே இல்லை. இருமி முடித்ததும், பக்கத்தில் இருந்த அலுமினியக் குவளையை எடுத்து இரண்டு மடக்குக் குடித்தார். வெயிலில் ஆறு மைல் சைக்கிளில் வந்த என் முகத்தைப் பார்த்தார். வியர்வை வழிந்துகொண்டிருந்தது. குவளையை என் பக்கம் நீட்டினார்.

எங்கள் வீட்டில் அவர் தெருக்காரர்கள் கையால் தண்ணீர் வாங்கிக் குடிப்பதில்லை. அத்தனை வருஷம் பாய்லர் ரூம் அனலில் நின்றிருக்கிறேன். அங்கே அவருடைய பானை இருந்தது. ஒரு நாளும் நான் கேட்டதில்லை, அவரும் நீட்டியதில்லை. அன்றுதான் முதல் தடவை.

நான் வாங்கிக் குடித்தேன். முழுவதும் குடித்தேன். ஆனால் கையை நீட்டுவதற்கு முன்னால் ஒரு கணம் தாமதித்தேன். ஒரே ஒரு கணம்தான். அதை அவர் பார்த்துவிட்டார். காலிக் குவளையை என்னிடமிருந்து வாங்கித் தரையில் வைத்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டார்.